வள்ளி லைவ்ல வந்துட்டா!

பொழுதோட ஏழரை மணி. சோமனூர்ப் பக்கம் ஓர் ஊரின் மாரியம்மன் கோயில் களம். பகலெல்லாம் விசைத்தறி ஓட்டியவர், திருப்பூர் பனியன் கம்பெனியில் செக்கிங் பார்த்தவர், மாட்டைக் கறந்து சொசைட்டிக்குப் பால் ஊற்றிவிட்டு வந்தவர், கல்லூரிப் பஸ்ஸிலிருந்து இறங்கிப் பையோடு ஓடிவந்த பெண் என நூறு பேருக்குக் குறையாமல் வட்டம் கட்டி நிற்கிறார்கள். ஆசிரியர் மைக்கைத் தட்டுகிறார். "ஏனுங் அம்மிணி, நேத்து சொல்லிக்குடுத்த அடவு ஞாபகம் இருக்குதுங்களா?" நூறு தொண்டையும் ஒரே சமயத்தில், "இருக்குதுங்!" ஸ்பீக்கர் பெட்டியில் ஜமாப் மேளம் அதிர ஆரம்பிக்கிறது. களத்துக்கு வெளியே நிற்கும் ஸ்கூட்டரின் கண்ணாடியில் ரப்பர் பேண்டு போட்டு ஒரு செல்போனை மாட்டியிருக்கிறார்கள். அதில் சிவப்புப் புள்ளி மினுக்குகிறது. லைவ் போய்க்கொண்டிருக்கிறது!

வள்ளி கும்மி. கோவை, திருப்பூர், ஈரோடு, நாமக்கல், கரூர் பக்கம் உங்களுக்கு ஒரே ஒரு ஒறம்பரை இருந்தால் போதும், உங்கள் போனுக்கும் எப்படியும் ஒரு வீடியோ வந்து சேர்ந்திருக்கும். ஒரே நிறச் சேலையில் நூற்றுக்கணக்கான பெண்கள் ஒரே நேரத்தில் குனிந்து, நிமிர்ந்து, சுழன்று கைதட்டுவார்கள். ஐம்பது வயது அக்காவுக்குப் பக்கத்தில் ஐந்து வயதுப் பொடுசு ஆடும். மேலே ட்ரோன் பறக்கும். அந்த முப்பது விநாடி வீடியோவுக்குப் பின்னால் என்ன நடக்கிறது என்று எட்டிப் பார்க்கத்தான் நான் போனேன். போனவளை அந்த வட்டம் இழுத்து உள்ளே நிறுத்திவிட்டது!

முதலில் கதை, ஏனென்றால் இந்த ஆட்டமே ஒரு கதைதான். விநாயகருக்கு வணக்கம் சொல்லி ஆரம்பித்தால், மான் வயிற்றில் பிறந்த குழந்தை வள்ளிக்கிழங்குக் குழியில் கிடப்பதும், வேடர் தலைவன் நம்பிராஜன் அவளை எடுத்து வளர்ப்பதும், அவள் தினைப்புனத்தில் பரண் மேல் நின்று ஆலோலம் பாடிக் கிளி விரட்டுவதும் வரிசையாக வரும். நாரதர் போய் முருகனிடம் வள்ளியின் அழகைச் சொல்வார். முருகன் வேடனாக வருவான், வேங்கை மரமாக நிற்பான், தள்ளாடும் கிழவனாக வந்து தண்ணீர் கேட்பான். எதற்கும் மசியாதவளை மடக்க அண்ணன் விநாயகர் யானையாக வந்து உதவி செய்வார். கச்சியப்பரின் கந்தபுராணத்தில் இருக்கிற அதே கதைதான். ஆனால் இந்தக் களத்தில் அது கொங்குத் தமிழ் பேசும். கிழவன் தேன் கலந்த தினைமாவை வாங்கித் தின்று விக்கும் இடம் வரும்போது வட்டத்தில் ஒருவர் பாக்கியில்லாமல் சிரிக்கிறார்கள். இருபது ராத்திரி கேட்ட பாட்டுக்கு இருபத்தோராவது ராத்திரியும் அதே சிரிப்பு! நாடகத்தில் வள்ளி என்றால் ஒருத்திதான் வள்ளி. இங்கே நூறு பேரும் வள்ளி, அடுத்த அடியிலேயே நூறு பேரும் முருகன், அதற்கடுத்த அடியில் கிளி.

இன்று போனில் பார்க்கிறவர்களுக்கு இது பெண்களின் ஆட்டமாகத்தான் தெரியும். சில பத்தாண்டுகளுக்கு முன்வரை வள்ளி ஒயில் கும்மி ஆண்கள் ஆடும் கலையாக இருந்தது. அதை மாற்றியவர்களில் முதலில் சொல்ல வேண்டியவர் மேட்டுப்பாளையம் அருகே தேக்கம்பட்டியைச் சேர்ந்த பத்திரப்பன். பெண்களைக் கூட்டி நிறுத்திப் பயிற்சி கொடுத்தார். வள்ளி முருகன் கதையோடு நிற்காமல் சமூகச் செய்திகளையும் அதே மெட்டில் ஏற்றிப் பாடினார். 2024இல் மத்திய அரசு அவருக்குப் பத்மஸ்ரீ அறிவித்தபோது அவருக்கு வயது 87. அந்தச் செய்தி வந்த நாளில் கும்மி ஆசிரியர்களின் வாட்ஸ்அப் ஸ்டேட்டஸ் முழுக்க அவர் படம்தான்! ராத்திரியில் பெண்கள் களத்துக்கு வரவேண்டுமென்றால் வீட்டில் மாமியாரும் சம்மதிக்க வேண்டும், கணவரும் சம்மதிக்க வேண்டும். அந்தச் சம்மதத்தை வீடுவீடாகப் பெற்றுத் தந்தவர்களின் உழைப்பு எந்த வீடியோவிலும் வராது.

இனி திரைக்குப் பின்னால் போவோம். திரை என்று ஒன்று இங்கே இல்லை, எல்லாமே வாட்ஸ்அப் குரூப்பில்தான் நடக்கிறது. பயிற்சி தொடங்கிய மறுநாளே குரூப் உருவாகிவிடும். ஆசிரியர் பாட்டைத் தன் குரலில் பதிவு செய்து போடுவார். பாட்டு வரிகளை யாராவது கையால் எழுதிப் போட்டோ எடுத்து அனுப்புவார்கள். தறிச் சத்தத்துக்கு நடுவில் காதில் இயர்போன் மாட்டிக்கொண்டு பாடம் செய்கிறவர்கள் இருக்கிறார்கள். அடுப்படியில் அரிசிம்பருப்பு தாளிக்கும்போது ஒற்றைக் காலை முன்னே வைத்துப் பின்னே எடுத்துப் பார்க்கிறவர்களும் இருக்கிறார்கள். "மூணாவது பாட்டுல எடது கால் மொதல்லயா, வலது கால் மொதல்லயா?" என்று ராத்திரி பதினொன்றரைக்கு ஒரு குரல் பதிவு வரும். பதில் நொடியில் வந்துவிடும், வீடியோவாக! தன் வீட்டு வாசலில் நைட்டியோடு ஆடிக்காட்டி அனுப்பிய ஒரு அக்காவின் கால் அடவு அத்தனை சுத்தம்.

அந்த அடவைக் கொஞ்சம் கிட்டப்போய்ப் பார்க்க வேண்டும். வலது கால் முன்னே போகும், உடம்பு இடுப்பிலிருந்து மடங்கும், இரண்டு கையும் முழங்காலுக்குக் கீழே சேர்ந்து ஒரு தட்டு. நிமிரும்போது நெற்றிக்கு நேரே இன்னொரு தட்டு. திரும்பிப் பக்கத்து ஆளின் பக்கமாக மூன்றாவது தட்டு. கேட்கச் சுலபம்! மெதுவான காலத்தில் தொடங்கும் பாட்டு, ஆசிரியர் குரலை ஏற்ற ஏற்ற வேகம் கூடும். தட்டும் உள்ளங்கை சிவந்து, பின்பு சூடேறி, பின்பு மரத்துப்போகும். புதிதாகச் சேர்ந்தவர்கள் குனிகிற நேரத்தில் நிமிர்வார்கள். அப்போது பக்கத்தில் இருப்பவர் ஆட்டத்தை நிறுத்தாமலே ஒரு முழங்கையால் இடித்துச் சரிசெய்வார். எனக்கும் அந்த இடி கிடைத்தது. இடித்தவருக்கு அறுபத்தைந்து வயது இருக்கும், மூச்சு வாங்கியது எனக்குத்தான்!

சேலை நிறம். இதற்கென்று தனியாகவே ஒரு கட்டுரை எழுதலாம். அரங்கேற்றத்துக்கு எல்லோரும் ஒரே சேலை, ஆண்களுக்கு அதே நிறத்தில் சட்டை, வேட்டி. "ராமர் பச்சைங்." "அது பக்கத்து ஊர்க்காரங்க போட்டுட்டாங்கல்லோ!" "அப்ப மாம்பழ மஞ்சள்?" "ராத்திரி வெளிச்சத்துல வெளுத்துப்போயிருமுங், வீடியோவுல நல்லாருக்காது." கடைசி வாக்கியத்தைக் கவனியுங்கள். சேலையின் நிறத்தைப் போன் கேமரா முடிவு செய்கிறது! கடைசியில் ராணி பிங்க்கில் வந்து நின்றார்கள். மொத்தமாக வாங்கினால் விலை குறையும் என்று இரண்டு பேர் சேலை நெய்யும் ஊரான இளம்பிள்ளைக்கே போய் வந்தார்கள். ஊரின் தையல்காரர் அக்காவுக்கு ஒரே வாரத்தில் அத்தனை ஜாக்கெட். அவரும் ஆடுகிறார், ஆகவே தன் ஜாக்கெட்டைக் கடைசியில்தான் தைத்துக்கொண்டார்.

கேமரா இந்த ஆட்டத்தை இன்னொரு விதத்திலும் மாற்றிக்கொண்டிருக்கிறது. வட்டமாக ஆடும்போது முன்பக்கம், பின்பக்கம் என்று ஒன்றும் கிடையாது. எல்லோரும் எல்லோர் முகத்தையும் பார்த்து ஆடுவார்கள். ஊர்க்காரர்கள் சுற்றி நின்று எந்தப் பக்கமிருந்தும் பார்ப்பார்கள். போனுக்கு அது பிடிப்பதில்லை, அதற்கு ஒரு பக்கம்தான் தெரியும். அதனால் சில குழுக்கள் இப்போது வட்டத்தை விட்டுவிட்டு மேடையைப் பார்த்து வரிசை வரிசையாக நிற்கிறார்கள். வீடியோவில் அது பிரமாதமாக இருக்கிறது, மறுக்க மாட்டேன். ஆனாலும் எனக்கு வட்டம்தான் வேண்டும். முன்வரிசைக்கு அடித்துக்கொள்ள வேண்டியதில்லை, கடைசி வரிசை என்று யாரையும் ஒளித்து வைக்க முடியாது. ட்ரோன் வந்த பிறகு வட்டத்துக்குப் புது வாழ்வு கிடைத்தது என்று ஒரு வீடியோகிராபர் தம்பி சொன்னார். மேலேயிருந்து எடுத்தால் வட்டம்தான் அழகு, வட்டத்துக்குள் வட்டம் இன்னும் அழகு. ட்ரோனுக்கு நன்றி!

அரங்கேற்றத்தன்று காலையிலிருந்தே ஊர் தலைகீழ். களத்தில் சாணி தெளித்து மணல் பரப்புகிறார்கள். ஒரு பக்கம் அடுப்பில் ஊருக்கே சாப்பாடு கொதிக்கிறது. மற்றொரு பக்கம் கோயில் மண்டபத்தில் சலங்கை கட்டும் படலம். சலங்கையை நேரடியாகக் கட்டினால் தோல் உரியும் என்று முதலில் துணியைச் சுற்றி அதன்மேல் கட்டுகிறார்கள். ஒருத்தி காலை மற்றொருத்தி மடியில் வைத்துக் கட்டிவிட, கட்டிவிட்டவளுக்கு இன்னொருத்தி கட்ட, அந்த மண்டபம் முழுக்க ஒரு சங்கிலி. மல்லிகைப்பூவை முழம் போட்டு வெட்டிப் பங்கு வைக்கும் சித்தி ஒருவர் யாருக்கும் ஒரு கண்ணி கூடக்கூடாது, குறையக்கூடாது என்று கறாராக நிற்கிறார். ஜமாப் செட்டு வேனிலிருந்து இறங்கியதும் பொடுசுகள் அதைச் சுற்றிக்கொள்கின்றன. இதுவரை ஸ்பீக்கரில் கேட்டது இப்போது நெஞ்சுக்கூட்டில் கேட்கிறது! ஆசிரியருக்கு மாலை, அவருக்குக் குருதட்சணை, தாம்பாளத்தில் வெற்றிலை பாக்கு. பல பேர் அவர் காலில் விழும்போது அழுதேவிட்டார்கள்.

லைவ் போடுகிறவர் ஒரு வேனுக்குள் இரண்டு லேப்டாப்போடு உட்கார்ந்திருந்தார். உள்ளூர்க் கல்யாண வீடியோக்காரர்தான். டவர் சரியாகக் கிடைக்காமல் கோயில் கோபுரத்துக்குப் பக்கத்திலிருக்கும் ஒரு மாடி வீட்டிலிருந்து ஒயர் இழுத்திருந்தார். துபாயில் இருக்கும் மகன், பெங்களூரில் இருக்கும் மருமகள், அமெரிக்காவில் படிக்கிற பேத்தி என்று அந்தப்பக்கம் காத்துக்கொண்டிருக்கிறார்கள். ஒரு ஆத்தா ஆட்டத்துக்கு நடுவில் ஒவ்வொரு சுற்றிலும் கேமராவைக் கடக்கும்போது கையை மட்டும் ஒரு ஆட்டு ஆட்டினார், காலம் தப்பாமல்! அவர் பேத்தி அங்கே விடிகாலையில் எழுந்து பார்த்துக்கொண்டிருந்தாளாம்.

இந்தப் பரவசத்தின் உச்சம் 2024 பிப்ரவரியில் பெருந்துறையில் நடந்தது. ஏறத்தாழ 16 ஆயிரம் பெண்கள் ஒரே களத்தில் ஆடி கின்னஸ் சாதனை படைத்தார்கள். அந்தப் படங்கள் போன் போனாகப் பறந்தன. ஒரு கட்சி மாநாட்டுக் களம் அது என்பதையும் சேர்த்தே சொல்ல வேண்டும். கூட்டம் சேரும் கலையைத் தேடி அரசியல் வரும், சாதியும் வரும். சொந்தச் சாதியில்தான் கல்யாணம் செய்துகொள்வோம் என்று கும்மிக் களத்தில் பெண்பிள்ளைகளை உறுதிமொழி எடுக்க வைத்த வீடியோ ஒன்றும் இதே போன்கள் வழியாகத்தான் பரவியது, கண்டனமும் எழுந்தது. அதைப் பார்த்தபோது எனக்கு மனசு பதைத்தது. இந்த ஆட்டத்தின் கதை என்ன? வேடர் வீட்டில் வளர்ந்த பெண் தான் விரும்பியவனோடு போகிறாள். வளர்த்த தகப்பன் வில்லை எடுத்துக்கொண்டு துரத்துகிறான், கடைசியில் அவனே கையைப் பிடித்துக் கொடுக்கிறான். இந்தக் கதையைப் பாடி ஆடிய அதே மூச்சில் அந்த உறுதிமொழியை எப்படிச் சொல்ல முடியும்? வள்ளி அந்தக் களத்தில் நின்றிருந்தால் கவணில் கல் வைத்திருப்பாள். ஊரில் எந்தத் தெருவிலிருந்து வந்தாலும் வட்டத்தில் இடம் உண்டு என்று நடத்துகிற ஆசிரியர்களும் இருக்கிறார்கள், அவர்களின் களத்தைத் தேடிப்போய்ப் பாருங்கள். வட்டம் அங்கே இன்னும் பெரிதாக இருக்கிறது.

கொங்கு மண்ணின் கதைகள் கருவிக்குள் ஏறுவது இது முதல் தடவை இல்லை. 1960களின் நடுவில் கனடாவைச் சேர்ந்த மானுடவியல் ஆய்வாளர் பிரெண்டா பெக், காங்கேயம் பக்கத்து ஓலப்பாளையத்தில் தங்கியிருந்தார். 1965இல் ராமசாமி, பழனிசாமி என்ற இரு பாடகர்கள் உடுக்கை அடித்துப் பாடிய அண்ணன்மார் கதையை 38 மணி நேரம் டேப்பில் பதிவு செய்தார். பொன்னர், சங்கர், தங்கை அருக்காணி தங்காள் மூவரின் கதை. பல ராத்திரிகள் நீளும் கதை, விடிய விடிய ஊரே உட்கார்ந்து கேட்ட கதை! அதை அவர் தமிழிலும் ஆங்கிலத்திலும் நூலாக்கினார். பின்னாளில் ஓவியர் ரவிச்சந்திரன் வரைந்த படங்களோடு 26 பாக அனிமேஷன் தொடராகவும் கொண்டுவந்தார். உடுக்கைச் சத்தத்தில் கேட்டதை இன்று ஒரு குழந்தை டேப்லெட்டில் கார்ட்டூனாகப் பார்க்கலாம். கோவையின் நக்கலைட்ஸ் குழு யூடியூபில் நம்ம ஊர் வீட்டுச் சண்டையை நம்ம ஊர்ப் பேச்சிலேயே எடுத்து உலகத் தமிழர்களைச் சிரிக்க வைத்ததும் இந்த வரிசையில்தான் வரும். அங்கிருந்து போன ராஜேஷ்வர் காளிசாமி இயக்கி, பிரசன்னா பாலச்சந்திரன் எழுத்தில் 2025 ஜனவரியில் வந்த 'குடும்பஸ்தன்' படத்தைப் பார்க்க எங்கள் தெருவே கிளம்பிப் போனது!

ஊர்க் கதையைக் கருவியில் ஏற்றிப் பார்க்கும் இந்த ஆசை நமக்கு மட்டும் உரியதில்லை. மணிப்பூரின் மெய்தேய் மக்களுக்கு மொய்ராங் என்ற ஊரின் கம்பா, தொய்பி கதை உயிர். கம்பா தாய் தகப்பன் இல்லாத ஏழைப் பையன், அக்கா கம்னு வளர்த்தவன். தொய்பி இளவரசி. பேனா என்ற ஒற்றை நரம்பு வாத்தியத்தை இழைத்துக்கொண்டு பாடகர்கள் அதைப் பாடுவார்கள். லாய் ஹராவ்பா திருவிழாவில் தெய்வத்துக்கு முன்னால் அவர்கள் பெயரிலேயே ஜோடி நடனம் ஆடுவார்கள். உட்கார்ந்த இடத்தில் குரலால் மட்டுமே கதை சொல்லும் வாரி லீபா என்ற கலையும், முற்றத்தில் நடக்கும் ஷுமாங் லீலா நாடகமும் அவர்களிடம் இருக்கின்றன. இவையெல்லாம் இப்போது அவர்கள் போன்களிலும் ஓடுகின்றன. 2023 மே மாதம் அங்கே வன்முறை வெடித்தபோது செல்போன் இணையத்தை மாதக்கணக்கில் நிறுத்திவைத்தார்கள். வெளியூரில் இருக்கும் பிள்ளைகளுக்கு ஊரின் குரலே கிடைக்காத மாதங்கள் அவை. லைவ் வேனுக்குள் உட்கார்ந்து அந்த ஆத்தா கையாட்டியதைப் பார்த்தபோது, அந்த இணைப்பு அறுந்தால் என்ன ஆகும் என்று நினைத்துப் பார்த்தேன். கம்பாவும் வள்ளியும் ஒரே போனில் அடுத்தடுத்து வரும் காலத்தில் வாழ்கிறோம். தேடிப் பாருங்கள், தொய்பியின் உடுப்பில் இருக்கும் வேலைப்பாட்டைப் பார்த்தால் நம்ம ஊர்ச் சேலை குரூப்புக்கு ஒரு வாரம் தூக்கம் வராது!

இனி அந்த முப்பது விநாடி ரீலுக்கு வருவோம். அரங்கேற்றம் முடிந்து எல்லோரும் சோறு தின்னப் போனபின் கல்லூரியில் படிக்கும் இரண்டு பெண்கள் மட்டும் சலங்கையைக் கூடக் கழற்றாமல் மண்டபத் தூணில் சாய்ந்து போனை நோண்டிக்கொண்டிருந்தார்கள். மூன்று மணி நேர ஆட்டத்திலிருந்து முப்பது விநாடியைப் பொறுக்க வேண்டும். பெரும்பாலும் வேகம் கூடும் கடைசிப் பாட்டைத்தான் எடுப்பார்களாம், பார்வை அள்ளும். இந்தப் பெண்கள் அதை எடுக்கவில்லை. கிழவன் தினைமாவு தின்று விக்கும் இடத்தை எடுத்தார்கள். "எல்லாரும் ஆட்டத்தப் போடறாங்ளுங்க. கதையைப் போட்டாத்தானுங்க அடுத்து என்னாச்சுன்னு கேப்பாங்க." பெரியவள் இதைச் சொல்லும்போதே சின்னவள் ஒரு துண்டை வெட்டினாள். திரையில் நூறு பேர் ஒரே நேரத்தில் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு விக்கினார்கள். நாங்கள் மூவரும் சிரித்த சிரிப்பில் பந்தியிலிருந்து ஆட்கள் எட்டிப் பார்த்தார்கள்.

அந்தத் துண்டு ராத்திரியே ஏறியது. காலையில் அன்னூர்ப் பக்கத்து ஊரிலிருந்து ஆசிரியருக்கு அழைப்பு: எங்க ஊர்லயும் ஆரம்பிக்கோணுமுங், மொத்தம் எண்பது பேர் பேர் குடுத்திருக்கறோம், எப்ப வர்றீங்க? வளர்பிறையில் நல்ல நாள் பார்த்துத் தொடங்கலாம் என்று ஆசிரியர் சொல்லியிருக்கிறார். ராணி பிங்க் குழுவினர் முதல் நாளே அங்கே போய் ஒரு சுற்று ஆடிக்காட்டப் போகிறார்கள், வேன் பேசியாயிற்று. அந்த ஊர்க்காரர்கள் இப்போதே சேலை நிறம் பற்றிப் பேசத் தொடங்கிவிட்டார்கள்.